மாடு, அரிசி, மேடு: வெலிங்டன் பிரபு யார்?

குன்னூரிலிருந்து ஊட்டிக்கு மலை ரயிலில் போனால் அடுத்த ஸ்டேஷன் வெலிங்டன். பெயர்ப்பலகையைப் பார்த்து, யாரோ ஒரு வெள்ளைக்கார கலெக்டர் பெயராக இருக்கும் என்று நினைத்துக்கொண்டு நாம் டீக்குடிக்க இறங்கிவிடுவோம். அந்த ஊருக்கு முன்பு ஜக்கதளா என்று பெயர். ராணுவக் குடியிருப்பு வந்த பிறகு, 1860இல், நெப்போலியனை வாட்டர்லூவில் தோற்கடித்த தளபதியின் பெயரை வைத்தார்கள். அவர்தான் வெலிங்டன் டியூக், இயற்பெயர் ஆர்தர் வெல்லெஸ்லி. பிற்பாடு பிரிட்டனின் பிரதமராகவும் இருந்தவர்.

முதலில் ஒரு குழப்பத்தைத் தீர்த்துவிடலாம். பள்ளிக்கூட வரலாற்றுப் பாடத்தில் 'துணைப்படைத் திட்டம், வெல்லெஸ்லி பிரபு' என்று மனப்பாடம் செய்திருப்போமே, அந்த வெல்லெஸ்லி இவர் இல்லை, இவருடைய அண்ணன் ரிச்சர்டு. 1798 முதல் 1805 வரை இந்தியாவின் கவர்னர் ஜெனரலாக இருந்தவர் அவர். தம்பி ஆர்தர் அதே காலத்தில் இங்கே ராணுவ அதிகாரி. அண்ணன் கையெழுத்துப் போட்ட சண்டைகளில் பாதியைத் தம்பி போட்டார் என்று வைத்துக்கொள்ளுங்கள். இந்த ஒரு விஷயம் தெரிந்தாலே பாதிக் குழப்பம் போய்விடும்.

எனக்கு அவர்மேல் பெரிய பக்தி எல்லாம் கிடையாது. திப்புவின் தலைநகரை விழவைத்த படையில் இருந்தவர்மேல் நமக்கு எப்படி பக்தி வரும்? ஆனாலும் அவர் வாழ்க்கையில் ஒரு விஷயம் என்னைத் திரும்பத் திரும்ப இழுக்கிறது. வீரதீரத் தளபதி என்றால் குதிரையில் ஏறி வாளை உருவிக்கொண்டு முன்னால் பாய்கிற ஆள்தான் நம் மனதில் வருவார். இவர் அதிகம் பேர் வாங்கியது மாடு எண்ணியதிலும், மேட்டுக்குப் பின்னால் ஒளிந்து நின்றதிலும், சரியான நேரத்தில் பின்வாங்கியதிலும். அரசியலிலும் அதே கதைதான். பின்வாங்கத் தெரிந்த இடத்தில் ஜெயித்தார், முரண்டு பிடித்த இடத்தில் பதவியையே இழந்தார்.

பிறந்தது 1769, அயர்லாந்தில், டப்ளினில். நெப்போலியனும் அதே வருஷம்தான். பிரபு குடும்பம் என்றாலும் கையில் காசு குறைவு. அப்பா டப்ளின் டிரினிட்டி கல்லூரியில் இசைப் பேராசிரியராக இருந்தவர், பையனுக்குப் பன்னிரண்டு வயது இருக்கும்போதே காலமாகிவிட்டார். ஈட்டன் பள்ளியில் படிப்பு சுமார். பையனுக்கு வயலின் மட்டும் நன்றாக வரும். வேறு எதற்கும் லாயக்கில்லை என்று வீட்டில் முடிவுகட்டித்தான் ராணுவத்தில் சேர்த்துவிட்டார்கள்.

அந்தக் கால பிரிட்டிஷ் ராணுவத்தில் அதிகாரிப் பதவியைக் காசு கொடுத்து வாங்கலாம். லஞ்சம் இல்லை, சட்டப்படியே விலை உண்டு. லெப்டினன்டுக்கு ஒரு விலை, கேப்டனுக்கு அதைவிடக் கூட, இப்படியே கர்னல் வரைக்கும். 1787இல் சேர்ந்த ஆர்தர், அண்ணனிடம் கடன் வாங்கி வாங்கி ஏறி, 1793இல், இருபத்துநான்கு வயதில், 33ஆம் காலாட்படை ரெஜிமென்டின் லெப்டினன்ட் கர்னல் ஆகிவிட்டார். அதுவரை ஒரு சண்டையைக்கூடக் கண்ணால் பார்த்ததில்லை! (வேடிக்கை என்னவென்றால், இந்த விலைக்கு வாங்கும் முறை வேண்டும் என்று கடைசிவரை வாதாடியவர்களில் அவரும் ஒருவர்.)

அதே 1793இல் கிட்டி பக்கென்ஹாம் என்ற பெண்ணைக் கேட்டுப் போனார். பெண்ணின் தம்பி, உன் வருமானத்துக்கு என் அக்கா கேட்கிறதா என்கிற தொனியில் மறுத்துவிட்டார். ஆர்தர் வீட்டுக்கு வந்து தன் வயலின்களை நெருப்பில் போட்டார். அதற்குப் பிறகு அவர் வாசித்ததே இல்லை.

முதல் போர் அனுபவம் 1794இல், இன்றைய நெதர்லாந்து பெல்ஜியம் பக்கம். படுதோல்வி. குளிரில், சோறில்லாமல், கம்பளி இல்லாமல், மேலதிகாரிகள் எங்கோ தூரத்தில் விருந்து சாப்பிட்டுக்கொண்டிருக்க, சிப்பாய்கள் வழியெங்கும் செத்து விழுந்தார்கள். ஒரு காரியத்தை எப்படிச் செய்யக்கூடாது என்று அங்கேதான் கற்றுக்கொண்டேன் என்பது பிற்காலத்தில் அவர் சொன்னது. கற்றுக்கொண்டதைச் செய்து பார்க்க வாய்ப்புக் கிடைத்த இடம் நம் ஊர்.

1797இல் கல்கத்தா. அடுத்த வருஷம் மதராஸ். அண்ணன் கவர்னர் ஜெனரலாக வந்து இறங்கியதும் திப்பு சுல்தான்மேல் போர் என்று பேச்சு கிளம்பியது. படை திரண்ட இடம் வேலூர். அங்கே ஒரு திருப்பம். படைக்குப் பொறுப்பாக இருந்த கர்னல் ஆஸ்டன் என்பவர் ஆரணியில் 1798 டிசம்பரில் துப்பாக்கி ஒற்றைச் சண்டையில் குண்டு பட்டு இறந்துபோனார். ஒற்றைச் சண்டை என்றால், மானம் போய்விட்டது என்று இரண்டு கனவான்கள் எதிரெதிரே நின்று சுட்டுக்கொள்வது. இந்தச் சண்டை இன்னொரு முறையும் இந்தக் கதையில் வரும். ஆஸ்டன் சாகும்போது டையோமெட் என்ற தன் அரபுக் குதிரையை ஆர்தருக்குக் கொடுத்தார். குதிரையோடு அவர் பார்த்துவந்த வேலையும் ஆர்தர் தலையில் விழுந்தது.

அந்த வேலைதான் இந்தக் கட்டுரையின் முதல் பாடம். ராணுவத்தில் இதை வழங்கல் என்பார்கள். நேராகச் சொன்னால் அரிசி, மாடு, வண்டி, வழி.

திப்புவின் தலைநகரான ஸ்ரீரங்கப்பட்டணத்தின் மதிலை உடைக்கப் பெரிய முற்றுகைப் பீரங்கிகள் வேண்டும். அவற்றை வேலூரிலிருந்து மலையேற்றி இழுத்துப் போக வேண்டியது காளைகள். குண்டும் மருந்தும் சுமப்பது காளை, அரிசி சுமப்பது காளை. கூடவே சிப்பாய்களைப்போலப் பல மடங்கு ஆட்கள் வருவார்கள்: சமையல்காரர், புல் அறுப்பவர், டோலி தூக்குபவர், கடைத்தெரு வியாபாரி, பெண்டு பிள்ளைகள். நடமாடும் பட்டணம் மாதிரி. இத்தனை வாய்க்கும் அரிசி வேண்டும், மாட்டுக்குத் தீவனம் வேண்டும். எதிராளிக்கும் இது நன்றாகத் தெரியும், அதனால் வழியில் இருக்கும் புல்லையெல்லாம் கொளுத்திவிட்டுப் போய்விடுவான். மாடு செத்தால் பீரங்கி நகராது, பீரங்கி நகரவில்லை என்றால் கோட்டைக்கு எதிரே போய் உட்கார்ந்து வேடிக்கைதான் பார்க்க வேண்டும். இது கற்பனைப் பயம் இல்லை. 1791இல் காரன்வாலிஸ் இதே ஸ்ரீரங்கப்பட்டணத்தின் வாசல்வரை போய், மாடுகள் கூட்டம் கூட்டமாகச் செத்து, படை பசியில் வாடி, தன் பெரிய பீரங்கிகளைத் தானே உடைத்துப் போட்டுவிட்டுத் திரும்பி வந்தார்.

ஆர்தர் என்ன செய்தார்? ஆபீஸ் குமாஸ்தா மாதிரி உட்கார்ந்து எண்ணினார். எத்தனை மாடு, எத்தனை மூட்டை, எந்த இடத்தில் தண்ணீர், எத்தனை நாள். தானியம் ஏற்றி ஊர் ஊராக அலைகிற லம்பாடிகளைப் பிடித்து, விலை பேசி, பணத்தை ஒழுங்காகக் கொடுத்து, படையோடு வரச்செய்தார். லம்பாடிகள் யார் படைக்கும் விற்பார்கள்; ஏமாற்றாமல் காசு கொடுப்பவனிடம்தான் அடுத்த முறை வருவார்கள். இதைப் புரிந்துகொண்டதுதான் அவருடைய கெட்டிக்காரத்தனம். பிற்பாடு ஐதர் அலி, திப்பு காலத்து அமிர்த மஹால் காளைகளும் அவர் கைக்கு வந்தன. வேகமாக நடப்பதில் பேர்போன ஜாதி அது. பல வருஷம் கழித்து ஸ்பெயினில் வண்டி நகராமல் திண்டாடியபோது, அந்த மைசூர் மாடுகள் இங்கே இல்லையே என்று ஏங்கியிருக்கிறார்.

1799 பிப்ரவரியில் ஜெனரல் ஹாரிஸ் தலைமையில் படை கிளம்பியது. ஏப்ரல் 5ஆம் தேதி ராத்திரி, ஸ்ரீரங்கப்பட்டணத்துக்கு வெளியே சுல்தான்பேட்டைத் தோப்பு என்ற இடத்தைப் பிடிக்க ஆர்தரை அனுப்பினார்கள். கும்மிருட்டு, அடர்ந்த தோப்பு, குறுக்கும் நெடுக்கும் வாய்க்கால். பகலில் போய் இடத்தைப் பார்க்காமலே உள்ளே நுழைந்துவிட்டார். திப்புவின் ஆட்கள் சுட ஆரம்பித்ததும் படை சிதறியது, அவருக்கே முழங்காலில் அடி, பன்னிரண்டு சிப்பாய்கள் பிடிபட்டுக் கொல்லப்பட்டார்கள். மறுநாள் காலை வெளிச்சத்தில் அதே தோப்பை எளிதாகப் பிடித்தார்கள். கண்ணால் பார்க்காத இடத்தில் இனி ராத்திரி சண்டை போடுவதில்லை என்று அன்றைக்கு எடுத்த முடிவை அவர் வாழ்நாள் முழுக்க மறக்கவில்லை.

மே 4ஆம் தேதி கோட்டை விழுந்தது, திப்பு மதில் வாசலில் சண்டையிட்டே இறந்தார். மதில் உடைப்பில் முன்னால் நின்று படையை நடத்தியவர் டேவிட் பெய்ர்டு. திப்புவின் சிறையில் பல வருஷம் கிடந்தவர். ஆனால் பிடித்த நகரத்தை ஆளும் பொறுப்பு கவர்னர் ஜெனரலின் தம்பிக்குப் போனது. பெய்ர்டுக்குக் கோபம் வராமல் இருக்குமா? ஆர்தர் திறமைசாலிதான், ஆனால் அண்ணன் அந்த நாற்காலியில் இல்லாவிட்டால் அந்தத் திறமை வெளியே தெரிய இன்னும் எத்தனை வருஷம் ஆகியிருக்குமோ. நகருக்குள் கட்டுக்கடங்காமல் போன சூறையாடலை, கொள்ளையடித்த சில சிப்பாய்களைத் தூக்கிலிட்டு அவர் நிறுத்தினார். கொள்ளைப் பொருளில் பங்காக அவருக்கே 4,000 பவுண்டு கிடைத்தது என்பதையும் சேர்த்தே படிக்க வேண்டும்.

அடுத்தது அஸ்ஸாயே. 1803 செப்டம்பர் 23, இன்றைய மகாராஷ்டிரத்தின் ஜால்னா மாவட்டம். எதிரே சிந்தியாவும் பேரார் போன்ஸ்லேயும் சேர்ந்த மராத்தியப் படை, நூறு அளவுக்குப் பீரங்கிகள். ஆர்தரிடம் இருந்தது பத்தாயிரத்துக்கும் குறைவான கிழக்கிந்தியக் கம்பெனி, பிரிட்டிஷ் ராஜா படையினர், கூடவே மைசூர், மராத்தியக் குதிரைப்படை. எதிரியோ ஆள் கணக்கில் பல மடங்கு. நடுவில் கைட்னா ஆறு. நேராகக் கடந்தால் பீரங்கி வாயில் போய் நிற்க வேண்டும். சுற்றிப் போய்ப் பக்கவாட்டில் அடிக்கலாம் என்றால், வேறு துறையே கிடையாது என்று வழிகாட்டிகள் சத்தியம் செய்தார்கள். அவர் தூரத்தில் பார்த்தார்: இந்தக் கரையில் ஒரு ஊர், அந்தக் கரையில் நேர் எதிரே இன்னொரு ஊர். கிராமத்தைப் பார்த்து வளர்ந்த யாருக்கும் இது உடனே பிடிபடும். எதிரெதிர்க் கரையில் இரண்டு ஊர் இருந்தால், ஆட்கள் போய்வர ஆற்றில் ஒரு துறை இல்லாமலா இருக்கும்? ஆள் அனுப்பிப் பார்த்தார், இருந்தது.

ஜெயித்தார், ஆனால் விலை பயங்கரம். அவர் பக்கம் மட்டும் 1,500க்கும் மேற்பட்டோர் செத்தும் காயப்பட்டும் விழுந்தார்கள். அவர் ஏறிய ஒரு குதிரை சுடப்பட்டது, இன்னொன்றை ஈட்டியால் குத்தினார்கள். குத்துப்பட்டது ஆரணியில் கிடைத்த டையோமெட். அன்று ராத்திரி ஒரு களத்து வெளியில் தலையை முழங்கால்களுக்கு நடுவே வைத்து உட்கார்ந்திருந்தாராம். வாட்டர்லூ எல்லாம் முடிந்த பிறகும், உங்கள் சண்டைகளில் சிறந்தது எது என்று கேட்டவர்களுக்கு அவர் சொன்ன பதில் அஸ்ஸாயேதான்.

அங்கே அவருக்காக நின்றவர்களில் பெரும்பகுதி மதராஸ் சிப்பாய்கள். இன்றைய மதராஸ் ரெஜிமென்டின் சின்னத்தில் இருக்கிற யானை அஸ்ஸாயே யானை. அந்த ரெஜிமென்டின் பயிற்சி மையம் இருக்கிற ஊர் எது தெரியுமா? நீலகிரி வெலிங்டன்.

1805இல் கப்பலேறினார். வழியில் செயின்ட் ஹெலினா தீவில் கொஞ்ச நாள் தங்கல். பத்து வருஷம் கழித்து நெப்போலியனைக் கொண்டுபோய்ச் சிறைவைத்ததும் அதே தீவில். லண்டன் போய்ச் சேர்ந்ததும் ஒரு மந்திரி அலுவலகத்தின் வரவேற்பறையில் ஒற்றைக் கையோடு ஒருவர் காத்திருந்தார். கடற்படை நாயகன் நெல்சன். யாரிவன் என்று தெரியாமல் முதலில் தன்னைப் பற்றியே பெருமையடித்துக்கொண்டிருந்த நெல்சன், சந்தேகம் வந்து வெளியே போய் விசாரித்துவிட்டு, திரும்பி வந்து வேறு ஆளாக, விஷயம் தெரிந்த மனிதராகப் பேசினாராம். இரண்டு பேரும் சந்தித்தது அந்த ஒரே தடவை. அடுத்த மாதம் டிரஃபால்கர் கடற்போரில் நெல்சன் இறந்தார்.

அப்புறம் கிட்டியைத் திரும்பக் கேட்டு 1806இல் கல்யாணமும் செய்துகொண்டார். அது சந்தோஷமான வாழ்க்கையாக அமையவில்லை, அதோடு விட்டுவிடலாம்.

1808இலிருந்து 1814 வரை போர்ச்சுகல், ஸ்பெயின், தெற்கு பிரான்ஸ். நெப்போலியன் ஐரோப்பா முழுக்க ஜெயித்துக்கொண்டிருந்த காலம். இந்தியாவில் சண்டை போட்ட ஆள்தானே என்று அவன் இவரைச் 'சிப்பாய் ஜெனரல்' என்று கிண்டலடித்தான். அங்கே இவர் காட்டிய வித்தைதான் இரண்டாவது பாடம்: மேட்டின் பின்சரிவு.

ஒரு ஏரிக்கரையை நினைத்துக்கொள்ளுங்கள். நீங்கள் வயல் பக்கம் நிற்கிறீர்கள், கரைக்கு அந்தப் பக்கச் சரிவில் ஆயிரம் பேர் படுத்திருக்கிறார்கள். உங்களுக்குத் தெரிவது வெறும் கரை, மேலே ரெண்டு பேர். பீரங்கியால் சுட்டால் குண்டு கரையின் முன்பக்கம் மோதும், இல்லையென்றால் தலைக்கு மேலே பறந்துவிடும். பிரெஞ்சுக்காரர்களின் வழக்கம், முதலில் பீரங்கியால் எதிரியை நொறுக்கி, பிறகு காலாட்படையை நெருக்கமான திரளாகக் கொட்டுமேளத்தோடு அனுப்பிப் பயமுறுத்தி ஓடவிடுவது. வெலிங்டன் மேட்டில் அந்த முதல் பாதி வீணாகிவிடும். திரள் மூச்சு வாங்க ஏறி உச்சிக்கு வரும்போது, திடீரென்று ரெண்டே வரிசையில் நீளமாக ஒரு சிவப்புச் சட்டைக் கோடு எழுந்து நிற்கும். திரளாக வருகிற கூட்டத்தில் முன் வரிசைகளில் இருப்பவன் மட்டும்தான் சுட முடியும், பின்னால் நிற்பவன் சுட்டால் தன் ஆள் முதுகில்தான் படும். இரண்டு வரிசைக் கோட்டிலோ எல்லாத் துப்பாக்கியும் பேசும். அதுவும் கைக்கெட்டும் தூரத்தில். 1808 விமெய்ரோவில், 1810 புசாக்கோவில் இப்படித்தான்.

புசாக்கோவில் ஜெயித்த கையோடு அவர் பின்வாங்கினார். லண்டனில் கூச்சல், ஜெயித்தவன் எதற்கடா ஓடுகிறான் என்று. காரணம் அவருக்கும் சில பொறியாளர்களுக்கும் மட்டும் தெரியும். லிஸ்பனுக்கு வடக்கே, டேகஸ் ஆற்றிலிருந்து கடல்வரை, குன்றுக்குக் குன்று கோட்டை, பள்ளம், மதில் என்று ஒரு வருஷமாகச் சத்தமில்லாமல் கட்டி வைத்திருந்தார்கள். டோரஸ் வெட்ராஸ் அரண்வரிசை என்று பெயர். வேலை செய்தவர்கள் போர்ச்சுகல் குடியானவர்கள். துரத்திக்கொண்டு வந்த பிரெஞ்சுத் தளபதி மார்ஷல் மசேனா 1810 அக்டோபரில் அதற்கு எதிரே வந்து நின்றபோதுதான் இப்படி ஒன்று இருப்பதே அவருக்குத் தெரிந்தது! முன்னால் போக முடியாது. சுற்றிலும் நிலம் காலி, தானியத்தையெல்லாம் அழித்தோ தூக்கிக்கொண்டோ ஜனங்கள் உள்ளே வந்துவிட்டார்கள். உள்ளே இருந்தவர்களுக்கோ கடல்வழியாகக் கப்பலில் உணவு. 1811 மார்ச்சில் மசேனா பசியால் சுருங்கிப்போன படையோடு திரும்பினார். வேலூரில் கற்ற பாடத்தை எதிராளிக்குத் திருப்பிப் படித்துக்காட்டிய மாதிரி. ஆனால் அந்தப் பஞ்சத்தில் செத்தது பிரெஞ்சுக்காரர் மட்டும் இல்லை. வீடு வாசலை விட்டுவந்த போர்ச்சுகல் ஏழைகள் ஆயிரக்கணக்கில் செத்தார்கள். வெலிங்டனைப் புகழ்கிறவர்கள் இதைச் சத்தம் குறைத்துச் சொல்வார்கள்.

இன்னொரு கறை பதாஹோஸ். 1812 ஏப்ரலில் அந்த ஸ்பானியக் கோட்டை நகரத்தைப் பெரும் உயிரிழப்போடு பிடித்த பிரிட்டிஷ் சிப்பாய்கள், நட்பு நாட்டு ஜனங்கள் என்றும் பார்க்காமல் கொலை, கொள்ளை, பாலியல் வன்முறை என்று நாள்கணக்கில் வெறியாட்டம் போட்டார்கள். உடைப்பில் குவிந்து கிடந்த தன் ஆட்களின் பிணங்களைப் பார்த்து அழுத தளபதியால் அந்த ஆட்டத்தை உடனே நிறுத்த முடியவில்லை. அடுத்த வருஷம் ஜூன் 21ஆம் தேதி விட்டோரியாவில், நெப்போலியனின் அண்ணன் ஜோசப் மூட்டை கட்டிக்கொண்டு ஓடியபோது விட்டுப்போன வண்டிகளில் ஸ்பெயின் அரண்மனை ஓவியங்கள் சுருட்டிக் கிடந்தன. சிப்பாய்கள் காசை அள்ளப் போனதில் எதிரியைத் துரத்தவே ஆள் இல்லை. ஆத்திரத்தில் தன் சிப்பாய்களைப் பூமியின் கழிசடை என்று கடிதத்தில் எழுதினார். ஓவியங்களைத் திருப்பித் தருகிறேன் என்றார், ஸ்பெயின் ராஜா நீங்களே வைத்துக்கொள்ளுங்கள் என்றுவிட்டார். வெலாஸ்கெஸ் வரைந்த தண்ணீர் விற்பவர் ஓவியம் அப்படித்தான் லண்டனில் அவர் வீட்டுக்கு வந்தது. இப்போதும் அங்கேயே இருக்கிறது.

ஸ்பெயின் வெற்றி முழுக்க அவர் சாமர்த்தியம் என்று நினைத்துவிடாதீர்கள். பிரெஞ்சுப் படை அங்கே லட்சக்கணக்கில் இருந்தும் ஒரே இடத்தில் திரள முடியாமல் போனதற்குக் காரணம், மலையிலும் காட்டிலும் மறைந்திருந்து தாக்கிய ஸ்பானிய ஜனங்கள். கெரில்லா என்ற சொல் உலகமெங்கும் பரவியதே அந்தப் போரிலிருந்துதான்.

1814இல் டியூக் பட்டம். அதே வருஷம் பாரிஸில் தூதர். நெப்போலியனின் தங்கை பாலீனிடமிருந்து தூதரகத்துக்கு ஒரு மாளிகையை விலைக்கு வாங்கினார். பிரிட்டிஷ் தூதர் இன்றும் அதில்தான் குடியிருக்கிறார்.

வாட்டர்லூவைப் பற்றி நிறையப் பேர் நிறைய எழுதியாகிவிட்டது, நான் சுருக்கமாகச் சொல்கிறேன். 1815 ஜூன் 18, ஞாயிற்றுக்கிழமை. முந்தின ராத்திரி கொட்டோ கொட்டென்று மழை. நெப்போலியனிடம் எழுபதாயிரத்துக்கு மேல், வெலிங்டனிடம் அதைவிடக் கொஞ்சம் குறைவு. அவருடைய படையில் பாதிக்கும் குறைவானவர்கள்தான் பிரிட்டிஷார், மற்றவர்கள் ஜெர்மானியர், டச்சுக்காரர், பெல்ஜியர். மோன் சேன் ஜான் என்ற நீளமான மேடு, அதன் பின்சரிவில் படை. அதே ஏரிக்கரை வித்தை. முன்னால் ஊகுமோன், லா ஏ சாந்த் என்று இரண்டு பண்ணை வீடுகளைத் தடுப்பாக வைத்துக்கொண்டு, சாயங்காலம்வரை அடி வாங்கிக்கொண்டே நிற்பதுதான் திட்டம். ஏனென்றால் பிரஷ்யத் தளபதி ப்ளூகர் வருகிறேன் என்று வாக்குக் கொடுத்திருந்தார். இரண்டு நாளைக்கு முன்புதான் தோற்று, குதிரையடியில் விழுந்து எழுந்த எழுபத்திரண்டு வயதுக் கிழவர். சொன்னபடி சேற்றில் படையை இழுத்துக்கொண்டு வந்தார். அவர் வராவிட்டால் வெலிங்டன் பெயரை இன்று நீலகிரியில் யாரும் வைத்திருக்க மாட்டார்கள் என்பது என் அபிப்பிராயம். வாட்டர்லூ தனி ஆள் வெற்றி என்று பிரிட்டிஷார் கதை சொன்னதில் ஜெர்மானியர்களுக்கு இன்றும் கொஞ்சம் வருத்தம் உண்டு, நியாயம்தான்.

அதற்குப் பிறகு அவர் போர்க்களம் போகவில்லை. தோற்ற போருக்கு அடுத்தபடியாகத் துக்கமானது ஜெயித்த போர்தான் என்று அன்றைக்கு அவர் எழுதியதை வெறும் அலங்காரப் பேச்சாக நான் எடுத்துக்கொள்ளவில்லை. பாரிஸ் பாலத்தை வெடிவைத்துத் தகர்க்கக் கிளம்பிய ப்ளூகரைத் தடுத்தார், பிரான்ஸைத் துண்டு போடக்கூடாது என்றும் வாதாடினார்.

இனி அரசியல். 1828 ஜனவரியில் பிரதமர். பழமைவாதக் கட்சியான டோரி. கட்டளை போட்டால் நடக்கும் என்று பழகியவருக்கு மந்திரிசபை விவாதம் எரிச்சலாகத்தான் இருந்தது. அப்போதைய பெரிய பிரச்சினை கத்தோலிக்கர் உரிமை. கத்தோலிக்கர் பிரிட்டிஷ் நாடாளுமன்றத்தில் உட்கார முடியாது. உள்ளே போக எடுக்க வேண்டிய உறுதிமொழியே அவர்கள் மதத்தைப் பழிக்கிற மாதிரி இருக்கும். அயர்லாந்தில் பெரும்பான்மை கத்தோலிக்கர். 1828இல் டேனியல் ஓ'கானல் என்ற கத்தோலிக்க வக்கீல் கிளேர் தொகுதியில் நின்று ஜெயித்துவிட்டார். ஜெயித்தவரை உள்ளே விடாவிட்டால் அயர்லாந்து பற்றி எரியும்.

வெலிங்டன் அதுவரை இந்த உரிமைக்கு எதிரானவர். கட்சியும் எதிர், ராஜா நான்காம் ஜார்ஜும் எதிர். ஆனால் அவர் களத்தைப் பார்த்தார். போர் எப்படி இருக்கும் என்று அவருக்குத் தெரியும். பின்வாங்கினார். ராஜாவை மிரட்டிக் கெஞ்சிச் சம்மதிக்கவைத்து, 1829இல் சட்டத்தைக் கொண்டுவந்தார். (முழுசாகத் தாராளம் என்று சொல்ல முடியாது. கூடவே அயர்லாந்தில் ஓட்டுப்போடத் தேவையான சொத்து அளவை உயர்த்தி, ஏழைக் குடியானவர்களின் ஓட்டைப் பிடுங்கிக்கொண்டார்கள்.) நாட்டைப் போப்பாண்டவரிடம் விற்கப் பார்க்கிறார் என்கிற மாதிரி வின்சில்சி பிரபு எழுத, வெலிங்டன் அவரை ஒற்றைச் சண்டைக்கு அழைத்தார். பதவியில் இருக்கிற பிரதமர், வயது அறுபதை நெருங்குகிறது, 1829 மார்ச் 21 காலையில் பேட்டர்சீ வெளியில் கைத்துப்பாக்கியோடு நிற்கிறார்! அவர் சுட்ட குண்டு வின்சில்சியைத் தொடவில்லை, அவரோ வானத்தைப் பார்த்துச் சுட்டுவிட்டு, எழுத்தில் மன்னிப்புக் கேட்டார்.

அடுத்த வருஷமே நேர்மாறு. தேர்தல் சீர்திருத்தம் வேண்டும் என்று நாடே கேட்டது. ஓல்டு சாரம் என்று ஒரு தொகுதி, குடியிருக்க ஆளே இல்லாத மண்மேடு, அங்கிருந்து இரண்டு உறுப்பினர். மான்செஸ்டர் மாதிரி ஆலை நகரத்துக்கு ஒருவரும் இல்லை. 1830 நவம்பரில் வெலிங்டன் எழுந்து, இருக்கிற முறையைவிடச் சிறந்த ஒன்றைத் தன்னால் யோசிக்கவே முடியவில்லை, தான் இருக்கும்வரை மாற்றத்தை எதிர்ப்பேன் என்கிற ரீதியில் பேசினார். இரண்டே வாரத்தில் அரசு கவிழ்ந்தது. சுல்தான்பேட்டைத் தோப்பு மாதிரிதான், இடத்தைப் பார்க்காமல் இருட்டில் நுழைந்துவிட்டார்.

ஜனங்களுக்கு அவர்மேல் ஆத்திரம். 1831 ஏப்ரல் 27 ராத்திரி லண்டனில் அவர் வீட்டு ஜன்னல்களைக் கல்லால் அடித்து நொறுக்கினார்கள். உள்ளே மூன்று நாளைக்கு முன் இறந்த கிட்டியின் உடல் அடக்கத்துக்காகக் கிடந்தது. கூட்டத்துக்கு அது தெரியாது. அதற்குப் பிறகு ஜன்னல்களுக்கு இரும்புக் கதவு மாட்டினார். 'இரும்பு டியூக்' என்ற பட்டப்பெயர் அந்தக் கதவாலும் ஒட்டிக்கொண்டது. போர்க்கள உறுதிக்காக வந்த பெயர் என்று பலர் நினைக்கிறார்கள்.

1832 மே மாதம் புது ராஜா நான்காம் வில்லியம் அவரைத் திரும்ப ஆட்சி அமைக்கக் கூப்பிட்டார், முடியவில்லை. இம்முறை அவருக்குப் புரிந்துவிட்டது. தன் ஆட்களோடு பிரபுக்கள் சபையில் ஓட்டுப்போடாமல் ஒதுங்கிக்கொண்டார், சீர்திருத்தச் சட்டம் நிறைவேறியது. 1846இல் தானிய இறக்குமதி வரியை எடுக்கும் சட்டம் வந்தபோதும் அப்படியே. மனசுக்கு ஒப்பாவிட்டாலும் பிரபுக்களைச் சமாதானம் செய்து நிறைவேற்றிக் கொடுத்தார். நடுவே 1834இல், அடுத்துப் பிரதமராக வேண்டிய ராபர்ட் பீல் இத்தாலியிலிருந்து திரும்பிவரும்வரை மூன்று வாரம் தாற்காலிகப் பிரதமராக இருந்து, மந்திரி வேலைகளில் பெரும்பாலானதை ஒற்றை ஆளாகப் பார்த்தார். துறைக்குத் துறை நடந்தே போய்க் கையெழுத்துப் போடுகிற கிழவரைப் பார்த்து லண்டனே சிரித்தது.

பெயர் எங்கெல்லாம் ஒட்டியிருக்கிறது என்று பார்த்தால் நியூசிலாந்தின் தலைநகரம், டாஸ்மேனியாவில் மலை, நம் நீலகிரி, அப்புறம் காலில் போடுகிற பூட்ஸ். லண்டன் செருப்புக்காரர் ஹோபியிடம் தன் உயரப் பூட்ஸைக் குதிரையேற வசதியாகத் திருத்திக் கேட்டாராம், அது மோஸ்தர் ஆகிவிட்டது. அன்று அது தோல். இன்று சேற்றில் இறங்குகிறவர் போடும் ரப்பர் பூட்ஸுக்கும் இங்கிலாந்தில் அதே பெயர்.

1852 செப்டம்பர் 14ஆம் தேதி வால்மர் கோட்டையில், நாற்காலியில் உட்கார்ந்தபடி, எண்பத்துமூன்று வயதில் இறந்தார். படுக்கை என்று அந்த அறையில் இருந்தது ஒரு குறுகலான மடக்குக் கட்டில். நவம்பர் 18ஆம் தேதி அரசு மரியாதையோடு இறுதி ஊர்வலம், பார்க்க வந்த கூட்டம் பத்து லட்சத்துக்கும் மேல். பிடிபட்ட பீரங்கிகளை உருக்கி வார்த்து, டன் கணக்கில் எடையுள்ள ஒரு வெண்கல ரதம் செய்து, பன்னிரண்டு குதிரைகளைப் பூட்டியிருந்தார்கள். மாடு, வண்டி, வழி என்று வாழ்நாளெல்லாம் கணக்குப் பார்த்த மனிதரின் ரதம், லண்டன் மால் சாலையில் பாரம் தாங்காமல் சேற்றில் புதைந்து நின்றுவிட்டது. போலீஸ்காரர்களைக் கூட்டிவந்து இழுத்துத்தான் மேலே ஏற்றினார்கள்.